கலக்கிவிட்டு எடுங்கள்: ஜீனோமிக்ஸ் ஆய்வகத்தில் சஸ்பென்ஷன்

ரத்தப் பரிசோதனை ரிப்போர்ட்டில் ஈ.எஸ்.ஆர். என்று ஒரு வரி பார்த்திருப்பீர்கள். கும்பகோணமோ மன்னார்குடியோ, எந்த ஊர் லேபிலும் செய்கிற சோதனைதான். ரத்தம் உறையாமலிருக்க மருந்து கலந்து, ஒல்லியான கண்ணாடிக் குழாயில் நேராக நிறுத்திவிடுவார்கள். ஒரு மணி நேரம் கழித்து, சிவப்பணுக்கள் எத்தனை மில்லிமீட்டர் கீழே இறங்கியிருக்கின்றன என்று பார்த்து எழுதுவார்கள். மேலே வெளிர்மஞ்சளாகப் பிளாஸ்மா தெளிந்து நிற்கும்.

அந்தச் சோதனைக்கு ரத்தம் படிய வேண்டும். அதே ரத்தத்திலிருந்து டிஎன்ஏ எடுக்கப் போகிறவருக்குப் படிந்தால் சிக்கல். மனிதரின் சிவப்பணுவில் உட்கரு கிடையாது. நமக்குத் தேவையான டிஎன்ஏ வெள்ளையணுக்களில்தான் இருக்கிறது. ஒரு ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜில் நின்ற குழாயில் அந்த வெள்ளையணுக்கள் சிவப்பு அடுக்குக்குச் சற்று மேலே மெல்லிய வெளுத்த படலமாக ஒதுங்கியிருக்கும். கலக்காமல் மேலாக 200 மைக்ரோலிட்டர் உறிஞ்சினால் வருவதெல்லாம் பிளாஸ்மா. குழாயை எட்டுப் பத்து முறை மெதுவாகத் தலைகீழாகத் திருப்பிவிட்டு எடுத்தால் கதையே வேறு. ஒரு மைக்ரோலிட்டரில் 6,000 வெள்ளையணு என்று வைத்துக்கொண்டால், 200 மைக்ரோலிட்டரில் 12 லட்சம். ஒவ்வொன்றிலும் சுமார் 6.6 பிகோகிராம் டிஎன்ஏ (10 லட்சம் பிகோகிராம் சேர்ந்தால் ஒரு மைக்ரோகிராம்). ஆக, கிட்டத்தட்ட 8 மைக்ரோகிராம் வரை கிடைக்க வழியுண்டு. ஒரே குழாய், ஒரே ரத்தம், ஒரே பிப்பெட். கலக்கினோமா இல்லையா என்பது மட்டும்தான் வித்தியாசம்.

திருவாரூர் மத்தியப் பல்கலைக்கழகமோ, தஞ்சை சாஸ்திராவோ, பக்கத்து ஊர் கலைக் கல்லூரியோ, டெல்டாவில் உயிரறிவியல் படிக்க வருகிற பிள்ளைகளுக்கு, ஓர் உயிரின் டிஎன்ஏ முழுவதையும் படித்துப் பார்க்கிற ஜீனோமிக்ஸ் என்றதும், அதைப் படிக்கும் சீக்வென்சர் என்ற பெரிய மெஷினும் கம்ப்யூட்டர் திரையில் ஓடுகிற எழுத்துகளும்தான் கண்ணுக்குத் தெரிகின்றன. தப்பில்லை. ஆனால் அந்த மெஷினுக்குள் போவது ஒரு சின்னச் சொட்டு. டியூபுக்குள் என்ன இருக்கிறதோ அதையே அந்தச் சொட்டும் காட்ட வேண்டும். காட்டவில்லை என்றால், அதற்கப்புறம் எவ்வளவு நல்ல புரோகிராம் எழுதினாலும் சரிசெய்ய முடியாது. அதனால்தான் சஸ்பென்ஷனைப் பற்றி முதலிலேயே தெளிவாகப் பேசிவிட வேண்டும் என்று நினைக்கிறேன்.

பள்ளிப் பாடத்தில் இதைத் தொங்கல் என்று படித்திருப்போம். உப்பைத் தண்ணீரில் போட்டால் கரைந்துவிடும்; எவ்வளவு நேரம் வைத்தாலும் மேலும் கீழும் ஒரே உப்பு. அது கரைசல். துகள்கள் கரையாமல், திரவத்துக்குள் மிதந்துகொண்டு, விட்டால் அடியில் போய்ப் படிகிற நிலை தொங்கல். மாக்கோலம் போடுகிறவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். ஊறவைத்து அரைத்த அரிசிமாவைக் கிண்ணத்தில் கரைத்து வைத்துக்கொண்டு, துணியை நனைக்கிறபோதெல்லாம் ஒரு கலக்குக் கலக்கிக்கொள்வார்கள். அப்படிச் செய்யாவிட்டால் முதல் இழைகள் வெளிறியும் கடைசி இழைகள் திட்டுத்திட்டாகவும் விழும். ஆய்வகத்து டியூபிலும் இதுவேதான் நடக்கிறது. அங்கே மாவுக்குப் பதில் செல், உட்கரு, பாக்டீரியா, காந்த மணி என்று ஏதோ ஒன்று.

எவ்வளவு வேகமாகப் படியும்? இதற்கு 1851-இலேயே ஸ்டோக்ஸ் ஒரு விதி சொல்லிவிட்டார். துகளின் விட்டம் இரண்டு மடங்கானால் படியும் வேகம் நான்கு மடங்காகும். துகளுக்கும் திரவத்துக்கும் அடர்த்தி வித்தியாசம் கூடினால் வேகம் கூடும். திரவம் கெட்டியாக இருந்தால் வேகம் குறையும். 10 மைக்ரோமீட்டர் அகலமுள்ள ஒரு விலங்கு செல்லுக்குக் கணக்குப் போட்டால் நொடிக்குச் சுமார் 3 மைக்ரோமீட்டர் வருகிறது. கேட்க அற்பமாக இருக்கும். 5 நிமிடத்தில் அது கிட்டத்தட்ட 1 மில்லிமீட்டர். சின்ன டியூபில் 50 மைக்ரோலிட்டர் திரவத்தின் உயரமே சில மில்லிமீட்டர்தான். நீங்கள் லேபிள் எழுதி, பக்கத்து மேஜையில் ஒரு வார்த்தை பேசிவிட்டுத் திரும்புவதற்குள் மேல் அடுக்கு காலியாகத் தொடங்கியிருக்கும். கண்ணுக்கு ஒன்றும் தெரியாது, அதுதான் கஷ்டம்.

ஒன்றைப் பிரித்துப் பார்த்துக்கொள்ள வேண்டும். சுத்தம் செய்து பஃபரில், அதாவது அமிலத்தன்மை மாறாமல் காக்கும் உப்புக் கரைசலில், கரைத்துவைத்த டிஎன்ஏ சஸ்பென்ஷன் அல்ல, கரைசல். அது படியாது. ஆனால் மிக நீளமான டிஎன்ஏ கொழகொழவென்று, ஒரு பக்கம் கெட்டியாகவும் இன்னொரு பக்கம் நீர்த்தும் நிற்கும். அவசரப்பட்டு வோர்டெக்ஸில் (டியூபை வேகமாகச் சுழற்றிக் கலக்கும் கருவி) வைத்தால் இழைகள் அறுந்துவிடும். பிப்பெட் நுனியில் மாட்டுகிற அகலவாய் டிப்பால் மெதுவாக ஏற்றி இறக்கி, தேவைப்பட்டால் ஒரு ராத்திரி குளிரில் விட்டுத்தான் சமமாக்க வேண்டும்.

இனி காந்த மணிகள். ஜீனோமிக்ஸ் ஆய்வகத்தில் தினமும் கையில் எடுக்கிற சஸ்பென்ஷன் இதுதான். எல்லோரும் பீட்ஸ் என்பார்கள். பழுப்பு நிறத்தில், பார்க்கச் சேற்றுத் தண்ணீர் போல ஒரு புட்டி. ஒவ்வொரு மணியும் சுமார் 1 மைக்ரோமீட்டர். நடுவில் பாலிஸ்டைரீன், அதன்மேல் காந்தத்துக்கு ஈர்க்கப்படும் இரும்பு ஆக்சைடு, வெளியே கார்பாக்சில் பூச்சு. பாலிஎத்திலீன் கிளைக்காலும் நிறைய உப்பும் கலந்த திரவத்தில் டிஎன்ஏ நீரை விட்டு விலகி இந்த மணிகளின்மேல் ஒட்டிக்கொள்ளும். காந்தத்தை டியூப் பக்கத்தில் வைத்தால் மணிகள் சுவரோரம் குவியும். தெளிந்த திரவத்தை எடுத்துவிட்டு, 80 சதவீத எத்தனாலால் கழுவி, பிறகு தண்ணீரோ பஃபரோ ஊற்றினால் டிஎன்ஏ மணியை விட்டு இறங்கிவிடும். 1995-இல் அமெரிக்காவின் வைட்ஹெட் நிறுவன ஆய்வாளர்கள் வெளியிட்ட முறை இது. சென்ட்ரிஃபியூஜ் சுற்றி, வடிகட்டிக் கழுவுகிற வேலையை இது பெரிய அளவில் குறைத்துவிட்டது.

இதில் ஒரு நுட்பம் உண்டு. எந்த அளவு டிஎன்ஏ துண்டு ஒட்டும், எது ஒட்டாது என்பதைத் தீர்மானிப்பது அந்தத் திரவத்தின் பாலிஎத்திலீன் கிளைக்காலும் உப்பும். 50 மைக்ரோலிட்டர் சாம்பிளுக்கு 90 மைக்ரோலிட்டர் பீட்ஸ் சேர்த்தால் விகிதம் 1.8, 100 எழுத்து நீளமுள்ள சின்னத் துண்டுகளும் தங்கும். 40 மைக்ரோலிட்டர் சேர்த்தால் 0.8, சின்னத் துண்டுகள் கழுவிப் போய்விடும், பெரியவை நிற்கும். அப்படியென்றால் மணி படிந்துபோன புட்டியின் மேலிருந்து எடுத்தால் என்ன ஆகும்? திரவம் சரியாகவே வருகிறது, ஆகவே விகிதம் தப்பவில்லை. ஆனால் பிடித்துக்கொள்ள மணி போதாது. டிஎன்ஏ குறைவாகக் கிடைக்கும். அதே புட்டியைக் கடைசியில் பயன்படுத்துகிறவருக்குத் திரவம் குறைந்து மணி மட்டும் கெட்டியாக மிஞ்சும். புட்டியை ஒழுங்காகக் கலக்காத ஒருவரால் அடுத்து வருகிற எல்லோருடைய வேலையும் கெடுகிறது. ஆய்வகத்தில் கலக்குவது ஒரு மரியாதை என்றே நான் சொல்வேன்.

கலக்கியபின் எடுப்பதிலும் கவனம் வேண்டும். திரவம் கெட்டி, பிப்பெட் பொத்தானைச் சட்டென்று விட்டால் டிப்புக்குள் காற்று புகுந்து அளவு குறையும். மெதுவாக விட வேண்டும், ஒரு நொடி காத்திருக்க வேண்டும். டிப்பின் வெளிப்பக்கம் ஒரு பழுப்புச் சொட்டு தொங்கும். அதைப் புட்டியின் வாயில் தொட்டு விட்டுவிட வேண்டும். சாம்பிள் 50 மைக்ரோலிட்டர் மட்டும் இருக்கும்போது ஓரிரு மைக்ரோலிட்டர் சொட்டுகூட விகிதத்தை நகர்த்திவிடும். கடைசியில் எத்தனாலை எடுத்தபின் மணிகள் பளபளப்பு போய் மங்குகிற வரைதான் காய வேண்டும். விரிசல் விட்டால் அளவு மீறிவிட்டது. டிஎன்ஏ முழுசாக இறங்காது. மங்கியதும் டியூபைக் காந்தத்திலிருந்து எடுத்து, மணிகள் முழுக்கத் திரும்பவும் மிதக்கும்படி கலக்க வேண்டும். சுவரோரக் குவியலாகவே விட்டால் உள்ளே இருக்கிற மணிகளுக்குத் தண்ணீரே எட்டாது.

நம் ஊருக்கென்று ஒரு எச்சரிக்கை. கிட்டில் வருகிற தாளில் அறை வெப்பநிலை என்று எழுதியிருந்தால் அது 20 முதல் 25 டிகிரியை நினைத்து எழுதியது. சித்திரை, வைகாசியில் தஞ்சாவூரில் ஏ.சி. இல்லாத அறை அது அல்ல. எத்தனால் சீக்கிரம் ஆவியாகும், மணிகள் எதிர்பார்த்ததைவிட வேகமாகக் காயும். கடிகாரத்தை நம்பாமல் மணியின் நிறத்தைப் பாருங்கள். புட்டியை ஃபிரிட்ஜில் 2 முதல் 8 டிகிரியில்தான் வைக்க வேண்டும். ஃபிரீசரில் வைத்து உறைந்துவிட்டால் மணிகள் கெட்டுப்போகும்.

நானோபோர் சீக்வென்சர் பயன்படுத்துகிறவர்கள் இன்னொரு சஸ்பென்ஷனைச் சந்திப்பார்கள். ஃப்ளோசெல்லில், அதாவது மெஷினுக்குள் டிஎன்ஏ படிக்கப்படும் தகட்டில், ஏற்றுவதற்கு முன் லைப்ரரியோடு (படிப்பதற்குத் தயார் செய்த டிஎன்ஏ) சேர்க்கிற மணிகள் அவை. மிக வேகமாகப் படியும். கலக்கிய கையோடு எடுத்து, கலக்கிய கையோடு ஏற்ற வேண்டும். நடுவில் வேறு வேலை கூடாது.

அடுத்தது உயிருள்ள செல்கள். ஒவ்வொரு செல்லிலும் எந்த ஜீன் வேலை செய்கிறது என்று தனித்தனியாகப் பார்க்கிற முறை 2009-இல் தொடங்கியது. 2015-இல் எண்ணெய்க்குள் நுண்ணிய நீர்த்துளிகளை உண்டாக்கி, துளிக்கு ஒரு செல் என்று பிடித்து, ஆயிரக்கணக்கான செல்களை ஒரே நேரத்தில் படிக்கும் வழி வந்தது. இதற்குத் திசுவைக் கலைத்து ஒவ்வொரு செல்லும் தனியாக மிதக்கும்படி செய்தாக வேண்டும். அது சரியாக அமையாவிட்டால் மெஷின் ஒன்றும் செய்ய முடியாது.

நல்ல செல் சஸ்பென்ஷனுக்கு என்ன அடையாளம்? செல்கள் தனித்தனியாக இருக்க வேண்டும், பெரும்பாலும் உயிரோடு இருக்க வேண்டும், எத்தனை இருக்கின்றன என்று நமக்குத் தெரிந்திருக்க வேண்டும். எண்ணுவதற்கு ஹீமோசைட்டோமீட்டர் என்ற கோடு போட்ட கண்ணாடித் தகடு போதும். சஸ்பென்ஷனில் கொஞ்சம் எடுத்து அதே அளவு டிரைபான் ப்ளூ என்ற நீலச் சாயம் கலக்க வேண்டும். இறந்த செல்லுக்குள் நீலம் புகுந்துவிடும், உயிருள்ளது வெளுப்பாகவே நிற்கும். மூலைச் சதுரங்கள் நான்கிலும் சேர்த்து 200 உயிர்ச்செல், 20 இறந்த செல் எண்ணினீர்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒரு சதுரத்துக்குச் சராசரி 50. சாயம் சேர்த்ததால் இரண்டால் பெருக்கி, சதுரத்தின் கொள்ளளவுக்காக 10,000-ஆல் பெருக்கினால் மில்லிலிட்டருக்கு 10 லட்சம், அதாவது மைக்ரோலிட்டருக்கு 1,000 செல். உயிருள்ளவை 91 சதவீதம். துளி முறைக் கருவிகளுக்கு 700 முதல் 1,200 வரை வசதியான அளவு. ஆக இது நல்ல சஸ்பென்ஷன்.

சரி, எண்ணி முடித்தாயிற்று. டியூபை ஐஸில் வைத்துவிட்டு மற்றவற்றைத் தயார் செய்கிறீர்கள். 15 நிமிடம் ஓடிவிடுகிறது. கலக்காமல் அடியிலிருந்து 10 மைக்ரோலிட்டர் எடுக்கிறீர்கள். தாளில் 10,000 செல், துளிக்குள் போனது 20,000. ஒரே துளியில் இரண்டு செல் மாட்டிக்கொள்வது பெருகிவிடும். சில வருஷம் முன்புவரை பரவலாக இருந்த கிட்டில், பிடிபடும் ஒவ்வொரு 1,000 செல்லுக்கும் சுமார் 0.8 சதவீதம் இப்படி இரட்டையாக வரும் என்று கணக்கு. செல் இரு மடங்கானால் இரட்டையின் சதவீதமும் இரு மடங்காகும். இரண்டு செல்களின் ஜீன்கள் கலந்து தெரியும்போது, இல்லாத ஒரு புதிய செல் வகையைக் கண்டுபிடித்துவிட்டதாக நினைத்துக்கொள்ள நேரும்.

செத்த செல்லால் வேறொரு தொல்லை. உடைந்த செல்லிலிருந்து வெளியேறும் டிஎன்ஏ பசையாகி மற்ற செல்களைக் கட்டியாக இழுத்துக்கொள்ளும். டிஎன்ஏவை வெட்டும் டிஎன்ஏஸ் நொதி கொஞ்சம் சேர்த்தால் கட்டி பிரியும். வெளியேறிய ஆர்என்ஏவோ (எந்த ஜீன் வேலை செய்கிறது என்று காட்டும் அதன் நகல்) திரவம் முழுக்கப் பரவி எல்லாத் துளிக்குள்ளும் கொஞ்சம் கொஞ்சம் போய்விடும்; வடிகட்டியாலும் அதை எடுக்க முடியாது. அதனால் செல்களைக் கலக்கும்போது வோர்டெக்ஸ் வேண்டாம். அகலவாய் டிப்பால் நுரை எழாமல் மெதுவாக ஏற்றி இறக்கினால் போதும். செல் ஒட்டாமலிருக்க மிகக் குறைந்த அளவு ஆல்புமின் என்ற புரதம், கட்டிகளை நிறுத்த 40 மைக்ரோமீட்டர் வடிகட்டி, கூடவே ஐஸ்.

டெல்டாவில் இருந்துகொண்டு நெல்லைப் பற்றிப் பேசாமல் இருக்க முடியாது. ஆடுதுறையில் 1922 முதல் நெல் ஆராய்ச்சி நடக்கிற மண் இது. வடகிழக்குப் பருவமழையில் சம்பா மூழ்குவது இங்கே அடிக்கடி நேர்கிற துயரம். சப்1ஏ என்ற ஜீன் இருந்தால் மூழ்கிய பயிர் வீணாக நீண்டு வளர்ந்து சக்தியைத் தீர்க்காமல், அடங்கிக் காத்திருந்து, தண்ணீர் வடிந்ததும் மீண்டுவிடும் என்பது 2006-இல் தெளிவானது. ஒடிசாவைச் சேர்ந்த பழைய ரகத்திலிருந்து வந்த ஜீன் அது. நம் வயல்களில் சி.ஆர். 1009 சப்1 என்று விதைக்கிறார்களே, அதில் இருப்பது இதுதான். மூழ்கும்போது வேரிலும் தண்டின் அடியிலும் எந்தெந்தச் செல் முதலில் விழித்துக்கொள்கிறது என்று ஒருவர் கேட்டால், நெல்லையே சஸ்பென்ஷனாக்க வேண்டியிருக்கும்.

இது சுலபமில்லை. தாவர செல்லைச் சுற்றி செல்லுலோஸ் சுவர் இருக்கிறது. நெல் இலையில் சிலிக்காவும் சேர்ந்துகொள்கிறது. செல்லுலேஸ் போன்ற நொதிகளில் மணிக்கணக்கில் ஊறவைத்துச் சுவரைக் கரைக்கலாம். சுவர் போன செல் தண்ணீரை உறிஞ்சி வெடிக்காமலிருக்க மானிட்டால் என்ற சர்க்கரை வகைப் பொருள் சேர்க்க வேண்டும். ஆனால் அந்த மணி நேரங்களில் செல் சும்மா இருக்காது, அதிர்ச்சியில் தன் ஜீன்களை மாற்றி இயக்கத் தொடங்கிவிடும். மூழ்கிய அதிர்ச்சியைத் தேடிப் போனவருக்கு நொதியின் அதிர்ச்சிதான் கிடைக்கும். அதனால் பலர் செல்லை விட்டுவிட்டு உட்கருவை மட்டும் எடுக்கிறார்கள். ஐஸ்மேல் வைத்த தட்டில் சில்லென்ற பஃபரை ஊற்றி, அதற்குள் வேரைப் போட்டு, புது பிளேடால் பொடிப்பொடியாக நறுக்குகிறார்கள். சுவர் வெட்டுப்பட்டு உட்கருக்கள் பஃபருக்குள் வந்துவிடும். வடிகட்டி, டாப்பி என்ற சாயம் போட்டு மைக்ரோஸ்கோப்பில் பார்த்தால் கறுப்புப் பின்னணியில் நீலப் புள்ளிகள். ஓரம் உருண்டையாகத் தெளிவாக இருந்தால் நல்ல உட்கரு. பிசிறு விட்டிருந்தால் உடைந்துகொண்டிருக்கிறது. கூடவே மாவுச்சத்து, இலையென்றால் பச்சையக் கணிகங்கள், சுவர்த் துண்டுகள் எல்லாம் மிதக்கும். இவற்றை எவ்வளவு நீக்குகிறோமோ அவ்வளவு தெளிவாக முடிவு வரும்.

ஒரு விஷயத்தை ஆரம்பத்திலேயே மனதில் வாங்கிக்கொள்ள வேண்டும். திசுவைச் சஸ்பென்ஷனாக்கிய கணத்திலேயே யார் பக்கத்தில் யார் இருந்தார்கள் என்ற செய்தி போய்விடுகிறது. கெட்டியாகப் பிணைந்த செல்கள் பிரிந்தே வராது, மெல்லியவை பிரிக்கும்போதே சாகும். டியூபில் மிதப்பது பிரிந்து வரவும் பிழைத்திருக்கவும் முடிந்த செல்களின் கூட்டம். அதை முழுத் திசுவின் கணக்காக எழுதிவிடக் கூடாது. திசுவை அப்படியே சீவி, இருந்த இடத்திலேயே ஆர்என்ஏவைப் படிக்கிற முறைகள் வந்ததற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

சஸ்பென்ஷன் ஆய்வகத்துக்குள் மட்டும் இருப்பதில்லை. ஆற்றுத் தண்ணீரில் மிதக்கிற டிஎன்ஏவை வைத்து அங்கே கெண்டை இருக்கிறதா, விரால் இருக்கிறதா என்று வலை போடாமலே சொல்லும் முறை உண்டு. மீனின் செதில், சளி, கழிவு என்று செல்லும் செல்துண்டுமாகத் தண்ணீரில் கலந்திருப்பதை 0.45 மைக்ரோமீட்டர் போன்ற நுண்துளை வடிதாளில் பிடிப்பார்கள். வழக்கமாக ஜூன் 12 என்று தேதி குறிக்கிற மேட்டூர்த் தண்ணீர் கல்லணை தாண்டி வாய்க்கால்களுக்கு வரும் நாட்களில் இதைச் செய்து பாருங்கள். வண்டல் வந்து வடிதாள் சீக்கிரமே அடைத்துக்கொள்ளும். பெரிய துளையுள்ள தாளில் முதலில் வடித்துவிடலாம் என்று தோன்றும். வண்டலோடு ஒட்டிய டிஎன்ஏவும் அங்கேயே நின்றுவிடும். பல தாள்களில் பிரித்து வடிப்பதுதான் நல்லது. வண்டலோடு வரும் ஹியூமிக் அமிலம், டிஎன்ஏவைப் பல நகல்களாகப் பெருக்கும் பி.சி.ஆர். முறையின் நொதியை முடக்கும், டிஎன்ஏவைப் பத்து மடங்கு நீர்த்துப் போட்டால் பல சமயம் ஓடிவிடும். புட்டியிலிருந்து வடிகட்டியில் ஊற்றுவதற்கு முன் குலுக்க வேண்டும் என்று இனி நான் சொல்லத் தேவையில்லை.

இதையெல்லாம் பழக சீக்வென்சர் வேண்டியதில்லை. ஒரு மைக்ரோஸ்கோப், ஒரு ஹீமோசைட்டோமீட்டர், மளிகைக் கடை ஈஸ்ட் போதும். எந்தக் கல்லூரியிலும் செய்யலாம். வெதுவெதுப்பான தண்ணீரில் சிட்டிகை ஈஸ்டைக் கரைத்து, கலங்கல் தெரியும் அளவுக்கு நீர்த்துக்கொள்ளுங்கள். டிரைபான் ப்ளூ இல்லையென்றால் மெத்திலீன் ப்ளூ. செத்த ஈஸ்ட் நீலமாகும். நன்றாகக் கலக்கி ஒரு முறை எண்ணுங்கள். பிறகு 1.5 மில்லிலிட்டர் டியூபில் ஊற்றி, ஒரு மணி நேரம் அசைக்காமல் ஸ்டாண்டில் விடுங்கள். டிப் நுனி திரவத்தின் மேல்விளிம்புக்குச் சற்றே கீழே இருக்கும்படி பிடித்து ஒரு சொட்டு, பிறகு இன்னொரு டிப்பால் அடியைத் தொட்டு ஒரு சொட்டு. மூன்று எண்களையும் நோட்டில் அருகருகே எழுதுங்கள். அப்புறம் டியூபைக் கலக்கி நான்காவதாக ஒரு சொட்டு எண்ணி, முதல் எண்ணுக்கு எவ்வளவு பக்கத்தில் வருகிறது என்று பாருங்கள்.